1910 : மற்போர் வரலாற்றில் ஒரு திருப்பம்

வரலாறு என்பது அரசர் முடிசூடியதும், படைகள் எதிர்நின்றதும், உடன்படிக்கைகள் எழுதப்பட்டதும் மட்டும் அன்று. ஒரு காலத்து மக்கள் எதனைக் கண்டு ஆரவாரித்தனர், எதனைக் கண்டு சினந்தனர், எவனுடைய வெற்றியைத் தம் வெற்றியாகக் கொண்டாடினர் என்பனவும் வரலாற்றின்பாற் படுவனவேயாம். அரசியல் ஏடுகளில் எழுதப்படாத உணர்ச்சிகள் விளையாட்டரங்குகளிலே வெளிப்படுதல் உண்டு. அவ்வகையில், பொருள் பெற்று ஆடும் தொழின்முறை மற்போரின் வரலாற்றிலே 1910 ஆம் ஆண்டு தனித்து நோக்கத்தக்க ஓர் ஆண்டாகும்.

அவ்வாண்டிலே இந்திய மல்லர் சிலர் கடல் கடந்து இலண்டன் மாநகரை அடைந்தனர். அவர்தம் வருகை இரண்டு வினாக்களை எழுப்பிற்று. உலக வீரன் என்னும் பெயருக்கு உண்மையில் உரியவன் யாவன் என்பது ஒன்று. மெய்யான மற்போரைப் பணங்கொடுத்துக் காணவரும் கூட்டம் இறுதிவரை பொறுமையோடு காணுமா என்பது மற்றொன்று. முதலாம் வினாவுக்கு முழு விடை கிடைக்கப் பதினேழு ஆண்டுகள் கழிந்தன. இரண்டாம் வினாவுக்குக் கிடைத்த விடையோ மற்போரின் இயல்பையே மாற்றிவிட்டது.

மேனாட்டு மற்போரின் நிலை

பத்தொன்பதாம் நூற்றாண்டின் இறுதியில் மேனாடுகளில் இருவகை மற்போர் முறைகள் சிறந்து விளங்கின. ஒன்று கிரேக்க-உரோம முறை எனப்படுவது. இதன்கண் இடுப்புக்குக் கீழே பிடித்தல் ஆகாது. மற்றது இங்கிலாந்தின் இலங்காசயர்ப் பகுதியிலே வளர்ந்து அமெரிக்காவிற் பெருவழக்குற்ற முறை. உடலின் எப்பகுதியையும் பற்றலாம் என்பது இதன் இலக்கணம். எதிரியின் தோள்கள் இரண்டையும் விரிப்பிலே அழுத்தி நிறுத்துதலே இரண்டிலும் வெற்றியாகக் கொள்ளப்பட்டது.

இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் இலண்டனிலே மற்போரைப் பெருந்திரளான மக்களின் பொழுதுபோக்காக்கியவர் யோர்ச் ஹக்கென்சிமித் என்பவர். அந்நாளில் உருசியப் பேரரசின் பகுதியாயிருந்த எசுத்தோனியாவிலே பிறந்த இவரை 'உருசியச் சிங்கம்' என அழைத்தனர். 1904 ஆம் ஆண்டு சனவரித் திங்களில் ஒலிம்பியா மண்டபத்திலே அஹமத் மத்ராலி என்னும் துருக்கி மல்லரை ஒரு நிமிடத்திற்குள் வீழ்த்தினார். அதன்பின் இலண்டனின் இசைநாடக அரங்குகளெல்லாம் மல்லரைத் தேடலாயின. பாடகரும் கோமாளிகளும் தோன்றிய மேடையிலேயே மல்லரும் தோன்றினர். எதிரியை நொடிப்பொழுதில் வீழ்த்திவிடாது, கூட்டம் மகிழச் சிறிதுநேரம் நின்று ஆடுக என்று ஹக்கென்சிமித்தின் முகவராகிய கொக்ரன் அவருக்கு அறிவுறுத்தினார் என்பர். உண்மைக்கும் காட்சிக்கும் இடையே பின்னர் வந்த பிணக்கின் வித்து இங்கேயே காணப்படுகின்றது.

1905 இல் ஹக்கென்சிமித் நியூயோர்க் நகரில் தொம் ஜென்கின்சை வென்று உலக வீரர் எனப் போற்றப்பெற்றார். எனினும் 1908 ஆம் ஆண்டு ஏப்பிரில் 3 ஆம் திகதி, சிக்காகோ நகரிலே, அயோவா மாநிலத்தவரான பிராங் கொட்ச் என்பவருடன் இரண்டு மணி நேரம் பொருது, மேலும் பொர மறுத்துத் தோல்வியை ஏற்றார். உலக வீரர் பட்டம் அமெரிக்கா சென்றது. 1910 ஆம் ஆண்டு யூன் 1 ஆம் திகதி, அதே நகரில், போலந்து மல்லரான ஸ்தனிஸ்லாஸ் ஸ்பிஸ்கோவையும் கொட்ச் வென்றார். அப்போட்டியின் முதற் சுற்று, ஸ்பிஸ்கோ கைகுலுக்கும் எண்ணத்துடன் கைநீட்டிய அளவில், சில நொடிகளிலே முடிந்துபோயிற்று. இவ்விழிவைத் தாங்கிய ஸ்பிஸ்கோவே மூன்று திங்கள் கழித்து இலண்டனில் இந்திய மல்லரை எதிர்கொண்டவர் என்பது நினைவிற் கொள்ளத்தக்கது. கொட்சின் கையில் ஒரு நொடி அயர்ந்தமையால் அடைந்த தோல்வி, அவருக்கு எச்சரிக்கையைக் கற்பித்திருத்தல் கூடும்.

இந்திய மற்கலை

இந்தியாவில் மற்போர் மிகப் பழைய கலை. புறநானூற்றிலே சாத்தந்தையார், போரவைக் கோப்பெருநற்கிள்ளி ஆமூர் மல்லனை வென்ற திறத்தைப் பாடியுள்ளார். ஒரு காலை எதிரியின் மார்பிலும் மற்றதனை முதுகிலும் வைத்துப் பொருத நிலையும் ஆங்குச் சொல்லப்படுகின்றது. பல்லவ வேந்தன் நரசிங்கவர்மன் மாமல்லன் என்னும் பெயர் பூண்டான். பன்னிரண்டாம் நூற்றாண்டிற் கலியாணிச் சாளுக்கிய மன்னன் மூன்றாம் சோமேசுவரன் இயற்றுவித்த மானசோல்லாசம் என்னும் வடநூல், மல்லரின் வகையையும் பயிற்சியையும் உணவையும் விரித்துரைக்கின்றது. இப்பழைய மரபு வடநாட்டிலே பாரசீக மரபோடு கலந்து 'குஸ்தி' எனவும் 'பயில்வான்' எனவும் வழங்கும் சொற்களைப் பெற்றது.

இக்கலையின் களம் அகாடா எனப்படும். நெய், மஞ்சள், மோர் முதலியன கலந்து பண்படுத்திய மண்ணே அதன் தரை. தண்டால், பஸ்கி ஆகிய இரண்டும் அன்றாடப் பயிற்சி. கரளைக்கட்டையும் கதையும் சுழற்றுதல் தோள்வலிமைக்கு உரியன. பாலும் நெய்யும் வாதுமையும் சிறந்த உணவு. புலனடக்கம் மல்லனுக்கு இன்றியமையாத ஒழுக்கமாகக் கொள்ளப்பட்டது. இந்து மல்லர் அநுமனை வணங்கியும் முசுலிம் மல்லர் அலியை நினைந்தும் களம் புகுந்தனர். ஒரே மண்ணை இரு சாராரும் நெற்றியிலே தரித்தனர். பாட்டியாலா, பரோடா, இந்தூர், தாத்தியா முதலிய அரசுகளின் மன்னர் மல்லரைப் பேணினர். ஒரு மல்லனின் வெற்றி அவனை ஆதரித்த மன்னனின் புகழாயிற்று.

இத்தகைய சூழலிலே தோன்றியவரே காமா எனப் புகழ்பெற்ற குலாம் முகம்மது. பஞ்சாபிலே மல்லர் குடும்பத்திற் பிறந்த இவர், இளமையிலேயே தந்தையை இழந்து, தாத்தியா அரசின் ஆதரவில் வளர்ந்தார். பத்து வயதளவில் யோத்பூரிலே நடந்த பெரும் பயிற்சிப் போட்டியில், வளர்ந்த மல்லர் நூற்றுக்கணக்கானோரிடையே இறுதிவரை நின்ற சிலருள் ஒருவராய் நின்று மன்னரின் பாராட்டைப் பெற்றார் என்பது அவரைப்பற்றி வழங்கும் முதற் செய்தி. இரகீம் பக்ஷ் சுல்தானிவாலா என்னும் பேருருவம் படைத்த மல்லருடன் பலமுறை பொருதும் வெற்றிதோல்வி காணாமையால், இந்திய மல்லருள் அவருக்கு ஒப்பாவார் இவரே என்று மதிக்கப்பட்டார்.

இலண்டனில் இந்திய மல்லர்

1910 இல் பெஞ்சமின் என்னும் ஆங்கில முகவரின் ஏற்பாட்டிலே காமாவும், அவர் தம்பி இமாம் பக்ஷும், அகமது பக்ஷ், காமு என்போரும் இலண்டன் சென்றனர். இம்முயற்சிக்கு வங்காளச் செல்வரான சரத்குமார் மித்ரா பொருளுதவி புரிந்தார். இவ்வுதவியின் உட்பொருள் ஆராயத்தக்கது. 1905 இல் கர்சன் பிரபு வங்காளத்தைப் பிரித்தமையாற் சுதேசி இயக்கம் எழுந்தது. வங்காளியர் உடல்வலி அற்றோர் என்று ஆட்சியாளர் எழுதிவந்த இகழுரையை மறுக்கும் நோக்கத்துடன் அம்மாகாணமெங்கும் உடற்பயிற்சிக் கழகங்கள் தோன்றின. பஞ்சாபு மல்லருக்கு வங்காளச் செல்வர் பொருள் வழங்கியமை இவ்வுணர்ச்சியின் விளைவே எனல் பொருந்தும்.

அன்றைய இலண்டனின் நிலையையும் எண்ணுதல் வேண்டும். 1909 இல் மதன்லால் திங்ரா என்னும் இந்திய மாணவர் கர்சன் வைலியை அந்நகரிலே சுட்டுக்கொன்று தூக்குமேடை ஏறினார். 1910 மார்ச்சுத் திங்களில் சாவர்க்கர் அங்கே கைதுசெய்யப்பட்டார். இந்தியர் என்றால் ஐயத்தோடு நோக்கும் காலம் அது. அந்நகரத்து மேடையிலே, தலைப்பாகை அணிந்த மல்லர் நால்வர், எவரும் எம்மோடு பொரலாம் என அறைகூவி நின்றனர்.

தொடக்கத்திற் காமாவை எவரும் பெரிதாக மதித்தாரல்லர். அவர் உயரம் ஐந்தடி எட்டு அங்குலத்தின் மேற்படாது; நிறை ஏறக்குறைய இருநூறு இறாத்தல். ஆறடிக்கு மேற்பட்ட உருவங்களைக் கண்டு பழகிய இலண்டன் மக்களுக்கு அவர் சிறியராகவே தோன்றினார். எந்நிறையினராயினும் மூவரை அரை மணி நேரத்துள் வீழ்த்துவேன் என்று அவர் விடுத்த அறைகூவலை வெறும் விளம்பரம் என்று பலர் எண்ணினர் என்பர்.

அவ்வெண்ணம் நெடுநாள் நிலைக்கவில்லை. ஆகஸ்டு 8 ஆம் திகதி, அல்ஹம்பிரா அரங்கிலே, அமெரிக்க மல்லரும் மருத்துவருமான பெஞ்சமின் ரோலர் காமாவை எதிர்த்தார். முதற் சுற்று இரண்டு நிமிடத்திற்குள்ளும், இரண்டாம் சுற்று பத்து நிமிடத்திற்குள்ளும் முடிந்தன. இரண்டிலும் வென்றவர் காமா. செப்டெம்பர் 5 ஆம் திகதி இமாம் பக்ஷ், சுவிற்சலாந்து வீரரான யோன் லெம் என்பவரைச் சில நிமிடங்களிலே இருமுறை வீழ்த்தினார். இந்திய மல்லரின் விரைவு கண்டோரை வியப்பில் ஆழ்த்திற்று. இசைநாடக அரங்குகளிலே நீண்டு நடந்த போட்டிகளைக் கண்டோர்க்கு, மற்போர் இத்துணை விரைவினதோ என்னும் ஐயம் எழுந்தது.

செப்டெம்பர் 10

இந்நிலையில், 'ஜோன் புல்' என்னும் இலண்டன் வார இதழ் வழங்கிய உலக வீரர் கச்சைக்கும் 250 பவுண் பரிசுக்கும் உரியவர் யார் எனத் தெரிதற்கு, காமாவும் ஸ்பிஸ்கோவும் செப்டெம்பர் 10 ஆம் திகதி எதிர்ப்பட்டனர். 1908 ஆம் ஆண்டின் ஒலிம்பிக்குப் போட்டிகளுக்கென எழுப்பப்பட்ட செப்பெட்சு புஷ் விளையாட்டரங்கே களமாயிற்று. ஸ்பிஸ்கோவும் காமாவைப்போல உயரத்திற் குறைந்தவரே. ஆயின் நிறையிலே ஏறக்குறைய ஐம்பது இறாத்தல் மிக்கவர்.

போட்டி தொடங்கிய சிறிது நேரத்திலேயே காமா ஸ்பிஸ்கோவை விரிப்பிலே தள்ளினார். அதன்பின் நிகழ்ந்ததே அந்நாளைச் சிறப்பித்தது. ஸ்பிஸ்கோ எழுந்திலர். கைகளையும் முழங்கால்களையும் விரிப்பிலே ஊன்றி, தம் நிறை முழுவதையும் தரையிலே படியவிட்டு, புரட்ட வொண்ணாத பாறைபோற் கிடந்தார். காமா பக்கங்கள் தோறும் சுற்றிவந்து பற்றினார், இழுத்தார், தூக்க முயன்றார். ஸ்பிஸ்கோ எழுந்து நின்று எதிர்த்தமை ஒருசில முறையே. இவ்வாறு இரண்டரை மணி நேரத்திற்கு மேலாகக் கழிந்தது. கூட்டம் முதலில் வியந்தது, பின்னர்ச் சலித்தது, அதன்பின் இகழ்ந்து கூச்சலிட்டது. மாலைப்பொழுது மயங்கும் வேளையில் வெற்றிதோல்வி இன்றிப் போட்டி நிறுத்தப்பட்டது.

மறுபடியும் பொருவதற்கு அடுத்த வாரத்தில் ஒருநாள் குறிக்கப்பட்டது. அந்நாளிற் காமா வந்தார், ஸ்பிஸ்கோ வந்திலர். ஆகவே கச்சையும் பரிசும் காமாவுக்கே உரியவாயின. களத்திலே எதிரியை வீழ்த்திப் பெறாது, எதிரி வாராமையாற் பெற்ற இவ்வெற்றி, காமாவின் உள்ளத்தை நிறைவித்திராது. அமெரிக்காவிலிருந்த கொட்ச் அவரோடு பொருதிலர். எனவே உலக வீரர் எனப்படுவோர் அட்லாந்திக்குப் பெருங்கடலின் இருபுறத்தும் ஒவ்வொருவர் இருந்தனர்.

ஸ்பிஸ்கோவின் செயலைக் கோழைமை என்று இந்திய ஆசிரியர் பலர் எழுதினர். நடுநிலைமையோடு நோக்கின் அத்தீர்ப்பு முற்றும் பொருந்தாது. இந்திய முறையிலே தோள்கள் மண்ணிற் பட்ட அளவிலே போட்டி முடியும். மேனாட்டு முறையிலோ தோள்களை அழுத்தி நிறுத்துதல் வேண்டும். தரையிலே கிடந்து காத்தல் மேனாட்டு விதிகளுக்கு மாறானதன்று. தம்மினும் விரைவுமிக்க ஒருவனை எதிர்க்க நேர்ந்தவர், தம் நிறையையே படைக்கலமாகக் கொண்டார். விதி மீறப்படவில்லை, ஆயினும் போர் நிகழவில்லை. விதிக்கு உட்பட்ட ஒன்று வீரத்திற்கு உட்பட்டதாகாமையே அன்று கூடியிருந்தோரைச் சினமூட்டியது.

அரங்கிற்கு அப்பால்

1910 ஆம் ஆண்டிலேயே, யூலை 4 ஆம் திகதி, அமெரிக்காவின் இரீனோ நகரிலே கறுப்பினக் குத்துச்சண்டை வீரர் ஜாக் ஜோன்சன், வெள்ளையரான ஜெபிரீசை வென்றார். அச்செய்தியாற் பல நகரங்களிலே இனக்கலகம் மூண்டது. அப்போட்டியின் திரைப்படம் தென்னாபிரிக்கா, இந்தியா முதலிய நாடுகளிலே தடைசெய்யப்பட்டது. ஆளப்படும் இனத்தான் ஒருவன் ஆளும் இனத்தானை வீழ்த்தும் காட்சியை மக்கள் காணலாகாது என்னும் அச்சமே இத்தடைக்குக் காரணம். ஓர் அரங்கினுள் விதிகள் இருவர்க்கும் ஒன்றே. நடுவர் இருவர்க்கும் ஒருவரே. அரங்கிற்கு வெளியே அத்தகைய சமநிலை இல்லாதபோது, அரங்கினுள் நிகழும் வெற்றி அளவுக்கு மிஞ்சிய பொருள் பெறுகின்றது. காமாவின் இலண்டன் வெற்றி இந்தியரால் எவ்வாறு வரவேற்கப்பட்டது என்பதை இப்பின்னணியிலேயே உணர்தல் கூடும். நாடு திரும்பியபின் அலகாபாத்திலே இரகீம் பக்ஷோடு பொருது, 'ருஸ்தம்-இ-இந்த்' என்னும் பட்டத்தையும் காமா பெற்றார்.

மெய்யும் காட்சியும்

செப்டெம்பர் 10 ஆம் திகதி மற்றொரு செய்தியையும் அறிவித்தது. வன்மையில் ஒத்த இருவர் மெய்யாகப் பொருதால், அப்போட்டி காண்போர்க்கு இன்பம் தருதல் உறுதியன்று. 1916 ஆம் ஆண்டு யூலை 4 ஆம் திகதி அமெரிக்காவின் ஒமாகா நகரிலே யோ ஸ்தெச்சரும் எட் லூயிசும் ஏறக்குறைய ஐந்து மணி நேரம் பொருதும் முடிவு காணவில்லை. கட்டணம் செலுத்தி வருவோர் இத்தகைய காட்சியை மறுமுறை காண வருவரோ?

1920 களில் இதற்கு விடை கண்டோர் எட் லூயிசும், அவர் முகவர் பில்லி சண்டோவும், தூற்ஸ் மொண்ட் என்பவரும் ஆவர். போட்டிக்குக் கால எல்லை வகுத்தனர். தூக்கியெறிதலும் பாய்தலும் மிகுந்த விரைவான ஆட்டத்தைப் புகுத்தினர். மல்லரைக் குழுவாகத் திரட்டி ஊர்தோறும் கொண்டுசென்றனர். வெல்பவன் யாவன் என்பது முன்னரே முடிவு செய்யப்படலாயிற்று. மற்போர், முடிவு எழுதப்பட்ட நாடகமாயிற்று.

இந்நாடகத்தை ஒருமுறை குலைத்தவரும் ஸ்பிஸ்கோவே என்பது வரலாற்றின் விந்தை. 1925 ஆம் ஆண்டு ஏப்பிரில் 15 ஆம் திகதி, பிலடெல்பியா நகரிலே, வேயின் மன் என்பவருக்குத் தோற்குமாறு அவர் பணிக்கப்பட்டிருந்தார். மன் காற்பந்தாட்டத்திலே புகழ்பெற்றவர். மற்கலையிலே தேர்ச்சி குன்றியவர். அரங்கேறிய ஸ்பிஸ்கோ, சொல்லப்பட்டதை விடுத்து மெய்யாகவே பொருது, உலகப் பட்டத்தைக் கைப்பற்றினார். அடுத்த திங்களிலே அப்பட்டம் போட்டிக்குழுவினரைச் சார்ந்த ஸ்தெச்சரிடம் சென்றது. அச்செயல் உண்மையின்பால் எழுந்த வேட்கையால் விளைந்ததன்று; வணிகர் இருசாராரின் பூசலால் விளைந்தது. எனினும், எழுதிய நாடகத்தின் நடுவே மெய்த்திறன் எழுந்து நின்றால் நாடகம் நில்லாது என்பதை அது காட்டிற்று.

இறுதிக் கணக்கு

1928 ஆம் ஆண்டு சனவரியில் பாட்டியாலா மன்னர் பூபிந்தர் சிங், காமாவையும் ஸ்பிஸ்கோவையும் மீண்டும் எதிர்நிறுத்தினார். பல்லாயிரவர் கூடினர். இம்முறை களம் இந்திய மண். இருவரும் ஐம்பதை அணுகியோர். போட்டி ஒரு நிமிடத்திற்குள் முடிந்தது. எத்தனை நொடிகள் என்பதில் எழுதியோர் வேறுபடினும், வென்றவர் காமா என்பதில் வேறுபாடு இல்லை. இலண்டனிலே இரண்டரை மணி நேரம் தீராத வழக்கு, பாட்டியாலாவில் நொடிகளிலே தீர்ந்தது. தோற்ற ஸ்பிஸ்கோ காமாவைப் புலி எனப் போற்றினார் என்பர்.

காமாவைச் சூழ்ந்து கதைகள் பல வளர்ந்தன. அவர் நாள்தோறும் எடுத்த பஸ்கிகளின் தொகையும், பரோடாவிலே தூக்கியதாகச் சொல்லப்படும் பாறையின் நிறையும் சொல்வோர்க்கேற்ப மிகும். நாள்களும் பெயர்களும் செய்தித்தாள்களிலே பதிந்த இலண்டன் போட்டிகளையும், வாய்மொழியாய் வந்த இவற்றையும் ஒரே தட்டில் இடலாகாது. கதைகளை அகற்றிய பின்னரும் எஞ்சிநிற்கும் புகழே அவருடைய உண்மையான புகழ்.

1947 இல் நாடு பிளவுண்டபோது காமா இலாகூரில் வாழ்ந்தார். தம் தெருவிலிருந்த இந்துக் குடும்பங்களைத் தாக்க வந்த கூட்டத்தின் முன் நின்று தடுத்து, அவர்களைப் பாதுகாப்பாக அனுப்பிவைத்தார் என்று அவர் வரலாற்றை எழுதியோர் கூறுவர். இரு சமயத்தாரும் ஒரே மண்ணிலே பயின்ற அகாடாவின் ஒழுக்கம் அன்று தெருவிலே நின்றது எனலாம். இறுதி நாள்களில் நோயும் வறுமையும் வருத்த, இந்தியத் தொழிலதிபரான பிர்லா உதவி அனுப்பினார். காமா 1960 ஆம் ஆண்டு மே 23 ஆம் திகதி இலாகூரிலே காலமானார்.

ஸ்பிஸ்கோ 1967 இல் அமெரிக்காவிலே மறைந்தார். 1950 இல் இலண்டனைக் களமாகக் கொண்டு வெளிவந்த ஓர் ஆங்கிலத் திரைப்படத்திலே, பொய்ம் மற்போரை வெறுத்துப் பழைய மெய்க்கலையைப் போற்றும் முதுமல்லனாக அவர் நடித்தார். 1910 இலே எழாது கிடந்தமைக்காக இகழப்பட்டவர், நாற்பது ஆண்டுகளின் பின் அதே நகரின் கதையில் மெய்ம்மைக்குச் சான்றாய் எழுந்து நின்றார்.

1989 ஆம் ஆண்டு அமெரிக்காவின் நியூ ஜேர்சி மாநிலச் சட்டசபையிலே, தொழின்முறை மற்போர் போட்டி அன்று, பொழுதுபோக்கே என அதனை நடத்துவோரே ஏற்றுக்கொண்டனர். விளையாட்டுக் கட்டுப்பாட்டினின்றும் வரியினின்றும் நீங்குதற்கு அவ்வொப்புதல் அவர்க்குப் பயன்பட்டது. மறைவாய் இருந்தது வெளிப்படையாயிற்று. அதனால் காண்போர் தொகை குறையவில்லை. மக்கள் அரங்கிலே வேண்டுவது எப்போதும் உண்மையன்று என்பதற்கு இது சான்று.

ஆயினும் ஒன்று சிந்திக்கத்தக்கது. முடிவு எழுதப்பட்ட ஆட்டம் சலிப்பைத் தாராது. ஆனால் அடக்குண்ட மக்கள் தம் மானத்தை அதன்மேல் வைத்துக் காத்திருத்தல் இயலாது. செப்பெட்சு புஷ் அரங்கிலே அன்று கழிந்த இரண்டரை மணி நேரம் காண்போர்க்குச் சலிப்பூட்டியது உண்மையே. அது மெய்யாய் இருந்தமையாற்றான், பல்லாயிரம் கல் தொலைவிலே ஓர் இனம் அதன் முடிவை எதிர்நோக்கி நின்றது. முடிவு காணாதபோதும் தலைநிமிர்ந்தது. 1910 ஆம் ஆண்டு மற்போருக்கு இழப்பித்ததும் ஈட்டிக்கொடுத்ததும் இதுவேயாம்.